பிள்ளை மடுவமும் பெரியோர் மனமும்

பேராதனைப் பல்கலைக்கழக வளாகத்தை ஊடறுத்துச் செல்லும் வீதிக்குக் கலஹா வீதி என்று பெயர். வைத்தியமும் மனோதத்துவமும் போதிக்கப்படுகிற அந்தக் கலாசாலையைக் கடந்து மலையேறுகிற அவ்வீதி, தேயிலைத் தோட்டங்களுக்கு நடுவே அமைந்த கலஹா நகரை அடைந்து, தெல்தோட்டைப் பக்கமாக, 1867ஆம் ஆண்டில் ஜேம்ஸ் டெய்லர் என்ற ஸ்கொத்லாந்துக்காரர் 19 ஏக்கரில் இந்நாட்டின் முதல் வர்த்தகத் தேயிலையைப் பயிரிட்ட லூல்கந்துரவை நோக்கிப் போகிறது. அன்றுமுதல் இத்தீவில் தேயிலைச் செடிக்குக் காட்டப்பட்ட சிரத்தைக்குக் குறைவில்லை. அதற்கென்று 1925ஆம் ஆண்டிலேயே ஓர் ஆராய்ச்சி நிலையமும் தோன்றிவிட்டது. நாற்றுக்கு எவ்வளவு நிழல் வேண்டும், கவாத்து எப்போது வெட்ட வேண்டும் என்பதையெல்லாம் நுணுகி அறிந்த தோட்ட நிர்வாகங்கள், அச்செடியின் கொழுந்தைக் கிள்ளுகிற பெண்ணின் குழந்தைக்கு முதல் ஐந்து வயதில் என்ன வேண்டும் என்பதை அறியவில்லை. அறிய வேண்டிய நிர்ப்பந்தமும் அவற்றுக்கு இருக்கவில்லை.

பால்ய அனுபவங்களே பிற்கால மனநிலைக்கு அஸ்திவாரம் என்பதை மறுப்பவர் இன்று அரிது. ஆயினும் அவ்வுண்மையை ஒப்புக்கொள்ளும் நாம், பால்யம் என்பதைத் தாய் தந்தையரின் அந்தரங்க விவகாரமாகவே எண்ணி, வளர்ந்த மனிதன் ஒருவன் முன்கோபியாகவோ, எதற்கும் அஞ்சுகிறவனாகவோ, குடியில் புகலிடம் தேடுகிறவனாகவோ இருக்கக் கண்டால், ‘வளர்ப்பு சரியில்லை’ என்று தீர்ப்பளித்துவிட்டு அப்பால் போய்விடுகிறோம். மலையகத் தோட்டங்களின் சரித்திரத்தைச் சற்று நிதானமாகப் பார்ப்பவருக்கு இத்தீர்ப்பு எவ்வளவு அவசரமானது என்பது விளங்கும். தாய் எத்தனை மணிக்குக் குழந்தையைப் பிரிவது, அக்குழந்தை எத்தனை அடி நீள அறையில் உறங்குவது, அதற்கு எந்த நாடு சொந்தம் என்பது வரைக்கும் அங்கே தீர்மானித்தவர்கள் பெற்றோர் அல்லர். கம்பெனிகளும், சட்டசபைகளும், இரு நாட்டுப் பிரதம மந்திரிகளும் தீர்மானித்தார்கள். பால்யம் ஒரு பொதுக் காரியம். ஆதலால் அதன் விளைவாகிய மனநலமும் பொதுக் காரியமே என்பது என் வாதம்.

விடியுமுன் தப்படித்துப் பெரட்டுக்கு ஆள் சேர்த்த காலத்திலிருந்து, கொழுந்தெடுக்கும் தாயின் நாளும் குழந்தையின் நாளும் ஒத்துப்போனதில்லை. கைக்குழந்தையைப் பிள்ளை மடுவத்தில் ஆயாவிடம் ஒப்படைத்துவிட்டு மலைக்கு ஏறுகிறவள், இடையில் பாலூட்ட ஓடிவந்து, மறுபடி ஏறி, அந்தி நிறுவை முடிந்த பிறகே பிள்ளையைத் தூக்கிக்கொண்டு லயத்துக்குத் திரும்புவாள். ஒரு காலத்தில் அந்த மடுவம் என்பது ஒரு கூரையும், உத்தரத்தில் கட்டிய சேலைத் தொட்டில்களும், மலைவேலைக்கு இயலாது போன ஒரு கிழவியும்தான். அக்கிழவியைக் குறைசொல்ல நான் துணியேன். இரண்டு கைகளால் இத்தனை பிள்ளைகளை எடுக்க முடியாத நிலையில், அழுகிற பிள்ளையைத் தூக்குவதும், அழாத பிள்ளையைத் தொட்டிலிலேயே விட்டுவிடுவதும் தவிர அவளுக்கு வேறு மார்க்கம் இருக்கவில்லை. அழுதும் பயனில்லை என்று கண்டு அழுகையை நிறுத்திக்கொண்ட குழந்தையை நாம் ‘சமத்து’ என்று புகழ்கிறோம். குழந்தை மனத்தை ஆராய்ந்தவர்கள் அதே மௌனத்தைக் கண்டுதான் கவலைப்படுகிறார்கள். ஜோன் போல்பி என்ற ஆங்கிலேய மனநோய் வைத்தியர் உலக சுகாதார ஸ்தாபனத்துக்காக எழுதி 1951ஆம் ஆண்டில் வெளியான அறிக்கை, தாயோடு அல்லது தாயின் ஸ்தானத்தில் நிலையாக நிற்கும் ஒருவரோடு குழந்தைக்கு இருக்க வேண்டிய அன்பான, இடையறாத உறவை, உடலுக்கு ஆகாரத்தின் சத்துக்கள் எவ்வளவு அவசியமோ அவ்வளவு அவசியமானதாக வற்புறுத்திற்று.

மடுவத்திலிருந்து பிள்ளை திரும்பும் வீடோ, 10 அடிக்கு 12 அடி என்று கணக்கிட்டுக் கட்டப்பட்ட லயத்துக் காம்பரா. பெரியோரின் சண்டை, சாராய வாடை, கடன் கேட்டு வந்தவனின் வசை, நோயாளியின் முனகல் ஆகிய எதையும் மூடி மறைக்க உள்ளே ஒரு கதவு இல்லாத அந்த அறையில், குழந்தை அறியாத விஷயம் என்று ஒன்று இருக்க முடியாது. வசதி படைத்த வீட்டில் தந்தை கோபித்தால் பிள்ளை வேறோர் அறைக்கு ஒதுங்கிக்கொள்ளலாம்; லயத்துப் பிள்ளைக்கு வாசலில் இறங்கினால் மழையும் குளிரும்தான். இவ்வாறு எந்நேரமும் செவியைத் தீட்டிக்கொண்டு, அடுத்து என்ன நேருமோ என்று எதிர்பார்த்தே வளர்ந்த ஒருவர், ஐம்பது வயதிலும் பாத்திரம் விழும் ஓசைக்குத் திடுக்கிடுவதிலோ, மேலதிகாரி குரலை உயர்த்தினால் நா எழாது நிற்பதிலோ வியப்பில்லை. அதைக் கோழைத்தனம் என்றும் பிறவி ஸ்வபாவம் என்றும் பேசுவது, உடல் தன்னைக் காத்துக்கொள்ளக் கற்ற ஜாக்கிரதையைக் குணக்கேடாகத் திரித்துச் சொல்வதாகும்.

இவற்றோடு, எந்தத் தாயும் தடுத்திருக்க முடியாத பெருந்துயரங்களும் சேர்ந்தன. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டத்தால் தோட்டத்து ஜனங்களில் மிகப் பெரும்பாலோர் நாடற்றவராயினர். 1964 ஒக்டோபர் 30ஆம் திகதி கைச்சாத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம், 9,75,000 மனிதர்களை வெறும் தொகையாக எடுத்துக்கொண்டு, 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் பங்கிட்டு, எஞ்சிய 1,50,000 பேரின் விதியைப் பின்னொரு நாளுக்கு ஒத்திவைத்தது. 1974ஆம் ஆண்டில் அவர்களையும் இரு நாடுகளும் சரிபாதியாகப் பிரித்துக்கொண்டன. ஒரே லயத்தில் பிறந்து ஒரே மடுவத்தில் வளர்ந்த பிள்ளைகளுள் ஒன்று இங்கே தங்க, மற்றொன்று, மலையகத்தார் ‘ஒப்பாரிக் கோச்சி’ என்றழைத்த புகைவண்டியில் தலைமன்னாருக்கும், அங்கிருந்து கப்பலேறி இராமேசுவரத்துக்கும், பின்பு மண்டபம் முகாமுக்கும் போய்ச் சேர்ந்தது. எழுபதுகளின் முற்பாதியில், தோட்டங்கள் காணிச் சீர்திருத்தத்தின் கீழ்க் கைமாறிக்கொண்டிருந்த தறுவாயில், வேலையும் அரிசியும் அற்றுப்போன பஞ்சத்தில், தோட்டத்துப் பிள்ளைகள் நகரத் தெருக்களில் கையேந்தினர். 1977இலும் 1983இலும் நடந்த வன்செயல்களின்போது, தேயிலைப் புதர்களுக்கிடையே தாயின் கை வாயைப் பொத்த ஒளிந்திருந்த குழந்தைகள் இன்று ஐம்பதை நெருங்கியவர்களும் கடந்தவர்களும் ஆவர். 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயலோடு வந்த பெருமழை கண்டி மாவட்டத்து மலைகளைச் சரித்தபோது, மண்ணின் இரைச்சலை இரவில் கேட்ட இன்னொரு தலைமுறையும் அவ்வரிசையில் வந்து நின்றுவிட்டது.

இத்தகைய அனுபவங்கள் ஞாபகத்தில் மாத்திரம் தங்குவதில்லை என்பதற்கு அமெரிக்காவில் நடந்த ஓர் ஆராய்ச்சி சாட்சி கூறுகிறது. சான் டியாகோ நகரில் ஸ்தூல சரீரிகளுக்குச் சிகிச்சை அளித்து வந்த வின்சென்ட் ஃபெலிட்டி என்ற வைத்தியர், எடை குறைந்து வெற்றி கண்டுகொண்டிருந்தவர்களே சிகிச்சையை விட்டு விலகுவதைக் கண்டு காரணம் விசாரித்தபோது, அவர்களுள் பலர் சிறுவயதில் கொடுமைக்கு ஆளானவர்கள் என்பது வெளிப்பட்டது. பின்னர் அவர் ரொபர்ட் ஆண்டா என்ற மற்றொரு வைத்தியரோடு சேர்ந்து 17,000க்கு மேற்பட்ட பெரியவர்களின் பால்யத்தை விசாரிக்கும் ஆராய்ச்சியை நடத்தினார். அதன் முதல் முடிவுகள் 1998ஆம் ஆண்டில் வெளியாயின. அடிபடுதல், அவமதிக்கப்படுதல், பாலியல் கொடுமை, தாய் அடிபடக் காணுதல், குடிகாரரோடும் மனநோயாளியோடும் ஒரே வீட்டில் வளர்தல் முதலிய துன்பங்களில் நான்கு வகையோ அதற்கு மேலோ அனுபவித்தவர்களுக்கு, ஒன்றுமே அனுபவியாதவர்களைக் காட்டிலும், குடிப்பழக்கமும் போதைப்பொருளும் மனச்சோர்வும் தற்கொலை முயற்சியும் நேரக்கூடிய அபாயம் 4 முதல் 12 மடங்கு வரை கூடியிருந்தது. விசாரிக்கப்பட்டவர்களுள் பெரும்பாலோர் படித்த, வைத்தியக் காப்புறுதி பெற்ற மத்தியதர வகுப்பினர் என்பதையும் நாம் கவனிக்க வேண்டும். கண்டி நகரத்து மாடி வீடுகளில் பூட்டிய கதவுகளுக்குப் பின்னே வளரும் பிள்ளைகளுக்கும் இக்கணக்கு பொருந்தும். லயத்தில் துயரம் வெளியே கேட்கிறது, மாடி வீட்டில் கேட்பதில்லை, அவ்வளவே வித்தியாசம்.

ஆனால் இவ்வெண்களை ஒரு ஜாதகத்தைப் போல வாசிப்பது பெரும் பிழை. பெருந்தொகையான மனிதரிடையே காணப்படும் போக்கை அவை காட்டுகின்றனவேயன்றி, இந்தப் பிள்ளை இப்படித்தான் ஆகும் என்று எந்தத் தனிப்பிள்ளையின் நெற்றியிலும் எழுதிவிடுவதில்லை. இதை நிலைநாட்டிய ஆராய்ச்சி, விசேஷமாக நம்மவர் அறிய வேண்டிய ஒன்று. ஏனெனில் அதுவும் ஒரு தீவில், தோட்டத் தொழிலாளர் பரம்பரையைப் பற்றி நடந்ததாகும். ஹவாய்த் தீவுகளில் ஒன்றாகிய கவாயில், கரும்பு அன்னாசித் தோட்டங்களுக்கென்று ஜப்பானிலிருந்தும் பிலிப்பைன்ஸிலிருந்தும் பிற தேசங்களிலிருந்தும் கொண்டுவரப்பட்டவர்களின் வழிவந்தோர் மிகுதி. அங்கே 1955ஆம் ஆண்டில் பிறந்த 698 குழந்தைகளை எம்மி வேர்னர் என்ற மனோதத்துவ அறிஞரும் அவருடைய சகாக்களும் நாற்பது வயது வரை தொடர்ந்து கவனித்தார்கள். அவர்களுள் ஏறக்குறைய மூன்றிலொரு பங்கினர் வறுமை, பிரசவக் கோளாறு, குடும்பக் கலகம், பெற்றோரின் குடி அல்லது மனநோய் என்று பல இடர்களுக்கு நடுவே பிறந்தவர்கள். அந்த மூன்றிலொரு பங்கினருள்ளும் மூன்றில் ஒருவர், யாவரும் எதிர்பார்த்ததற்கு மாறாக, தன்னம்பிக்கையும் பிறரிடம் பரிவும் உடைய நல்ல மனிதராக வளர்ந்தார்.

காரணங்களை ஆராய்ந்தபோது புலப்பட்டவை மிக எளிய விஷயங்கள். அப்பிள்ளைகள் ஒவ்வொருவருக்கும், பெற்றோர் தவறிய இடத்தில், பாட்டியோ, சிற்றன்னையோ, மூத்த சகோதரியோ, அயலாரோ, ஆசிரியரோ, மனம் நிலைகுலையாத ஒரு பெரியவர் வாய்த்திருந்தார். வீட்டுக்குப் பயன்படும் ஒரு பொறுப்பு அவர்களுக்கு இருந்தது. தம்மை ஏற்றுக்கொள்ளும் ஒரு சமூகமும் வழிபாடும் இருந்தன. அதனினும் ஆறுதலான செய்தி என்னவெனில், வாலிபத்தில் தடம் புரண்டவர்களிலும் பெரும்பாலோர், முப்பதுகளிலும் நாற்பதுகளிலும், மறுபடி கல்வி கற்கும் வாய்ப்பாலோ, நிலையான உத்தியோகத்தாலோ, நல்ல விவாகத்தாலோ நிமிர்ந்து நின்றார்கள். ஐந்தில் வளையாதது ஐம்பதில் வளையாது என்ற பழமொழியை ஆணையாக எடுத்துக்கொண்டு வளர்ந்தோரைக் கைவிட்டுவிடுகிற நமக்கு, இது ஒரு திருத்தம்.

மலையகத்தில் அத்தகைய பெரியவருக்குப் பஞ்சம் இருந்ததில்லை. தாய் மலையில் நிற்கும்போது சோறூட்டிக் கதைசொன்ன அப்பாயியும் அம்மாயியும், அடுத்த காம்பராவில் அடிவிழும் ஓசை கேட்டு ஓடிவந்து பிள்ளையைத் தூக்கிச் சென்ற அயல்வீட்டுப் பெண்ணும், ஒரே அறையில் ஐந்து வகுப்புகளை நடத்திக்கொண்டே, நன்றாகப் படிக்கும் ஒரு பிள்ளையை நகரத்துப் பாடசாலைக்கு அனுப்பும்படி தகப்பனிடம் மன்றாடிய தோட்டப் பாடசாலை ஆசிரியரும் எந்தப் புள்ளிவிபரத்திலும் இடம்பெறாதவர்கள். மாசி மாதத்தில் காமன் கூத்து ஆடும்போது வேடம் கட்டிய சிறுவனை ஊரே பார்த்து மகிழ்ந்தது. அந்த ஓரிரவின் கௌரவம் ‘லயத்துப் பிள்ளைதானே’ என்ற ஏளனத்தை ஆண்டு முழுவதும் தாங்கிக்கொள்ளும் திராணியை அவனுக்கு அளித்திருக்கலாம். உழைக்கவே பிறந்தவர்கள் என்று பொருள்படும் தலைப்பிட்டு இம்மக்களைப் பற்றி ஆங்கிலத்தில் நூலெழுதிய சி. வி. வேலுப்பிள்ளையும் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்தாம். இம்மக்களின் நாட்டார் பாடல்களைத் தேடித் தொகுத்தவரும் அவரே. காயத்தோடு காயமாக ஒரு செல்வமும் கைமாறி வந்திருக்கிறது என்பதற்கு அத்தொகுப்பு போதிய அத்தாட்சி.

இன்று அந்தப் பெரியவர்களின் வலையே அறுபடத் தொடங்கியிருப்பதுதான் என் கவலை. தோட்டக் கூலி போதாமல் தாய் மத்திய கிழக்குக்குப் பணிப்பெண்ணாகப் போகிறாள். தந்தை கொழும்பில் கடையிலோ கட்டடத்திலோ வேலை செய்கிறான். அப்பாயி முதுமையால் தளர்ந்திருக்கிறாள். அரசு இதை அறியாமலில்லை. 5 வயதுக்குக் குறைந்த பிள்ளைகளுடைய தாய்மார் வெளிநாட்டு வீட்டுவேலைக்குச் செல்வதை 2013ஆம் ஆண்டின் விதிகளால் தடுத்த அரசு, பொருளாதார நெருக்கடி முற்றிய 2022ஆம் ஆண்டில் அவ்வயதை 2 ஆகத் தளர்த்திற்று. முதல் ஆண்டுகள் முக்கியமானவை என்ற உண்மை அவ்விதிகளில் ஒளிந்திருக்கிறது. ஆனால் அதன் பாரம் முழுவதும் தாயின் தலையிலேயே சுமத்தப்பட்டது. போகிறவளைத் தடுக்கவும் விடவும் விதி இருக்கிறதே தவிர, அவள் போன பிறகு பிள்ளையைத் தூக்கி வளர்க்கும் கிழவிக்கு ஒரு மாதப்படியோ, அப்பிள்ளையின் முகத்தை மாதம் ஒருமுறை பார்த்துப் பேச ஓர் உத்தியோகத்தரோ ஏற்பாடாகவில்லை.

பாடசாலை அந்தக் குறையை நிரப்பலாம். பிரம்பு இருக்கும்வரை நிரப்ப முடியாது. மாணவருக்கு உடற்றண்டனை கூடாதென்று கல்வியமைச்சு 2005ஆம் ஆண்டிலேயே சுற்றறிக்கை விடுத்தது. ஆசிரியர் அறைந்ததால் செவிப்புலன் பாதிக்கப்பட்ட ஒரு மாணவனின் வழக்கில், 2021 பெப்ரவரியில் உயர் நீதிமன்றம், அது கொடுமையான நடத்தைக்கு எதிராக அரசியலமைப்பு அளிக்கும் அடிப்படை உரிமையை மீறிய செயல் என்று தீர்ப்பளித்தது. இருந்தும் ‘அடியாத மாடு படியாது’ என்று சொல்லிப் பிரம்பைப் பிள்ளையின் பெற்றோரே ஆசிரியர் கையில் கொடுக்கும் வழக்கம் நம்மிடையே ஒழியவில்லை. நாங்களும் அடிபட்டுத்தானே மனிதரானோம் என்று கேட்போர் உண்டு. அடிபட்டு மனிதரானவர்கள், அடித்தவரின் கையால் ஆகவில்லை. அடிபட்ட அன்று மாலை தலையைத் தடவிக்கொடுத்த வேறொரு கையால் ஆனார்கள். அத்தகைய கை கிடைக்காதவர்கள் இக்கேள்வியைக் கேட்க முன்வருவதில்லை. அவர்களில் சிலர் சாராயக் கடையிலும், சிலர் சிறையிலும், சிலர் மயானத்திலும் இருக்கிறார்கள்.

மனத்துயர் தனிமனிதரின் விதி, அதில் அரசாங்கம் செய்வதற்கு என்ன இருக்கிறது என்று நினைப்போருக்கு இத்தேசத்தின் சரித்திரமே விடை தருகிறது. 1995ஆம் ஆண்டளவில் இலட்சம் பேருக்கு 47 பேர் என்ற கணக்கில் தற்கொலை நிகழ்ந்து, உலகிலேயே மிக மோசமான நாடுகளுள் ஒன்றாக இலங்கை இருந்தது. கடுமையான கிருமிநாசினிகளைப் படிப்படியாகத் தடைசெய்த பிறகு அத்தொகை பெரிதும் குறைந்தது. எவருடைய மனமும் ஒரே நாளில் மாறிவிடவில்லை. கைக்கெட்டும் தூரத்தில் இருந்த நஞ்சு அகற்றப்பட்டது, உயிர்கள் தப்பின. ஓர் ஏற்பாட்டை மாற்றினால் இத்தனை உயிர்கள் தப்புமானால், பால்யத்தின் ஏற்பாடுகளை மாற்றினால் எத்தனை மனங்கள் தப்பும் என்பதை யோசிக்க வேண்டாமா?

இதைச் சொல்லும்போது, மலையக ஜனங்கள் எல்லாருமே மனம் சிதைந்தவர்கள் என்ற பொருளில் எவரும் கொள்ளலாகாது. அப்படிக் கொள்வது பழைய ஏளனத்துக்குப் புதிய சாஸ்திர முத்திரை குத்துவதாகும். தாய்மாரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவதும் என் நோக்கமன்று. மலையில் நின்றவள் மடுவத்திலும் இருந்திருக்க முடியாது.

செய்ய வேண்டியவை எட்டாதவையல்ல. 1992ஆம் ஆண்டில் தோட்ட நிர்வாகம் தனியார் கம்பெனிகளிடம் ஒப்படைக்கப்பட்ட காலத்தில், தொழிலாளர் நலனுக்கென அமைந்த பெருந்தோட்ட மனிதவள அபிவிருத்தி நிதியத்தின் முயற்சியால், பழைய மடுவங்கள் பல சிறுவர் அபிவிருத்தி நிலையங்களாக உருமாறி, பயிற்சி பெற்ற பெண்களும் விளையாட்டுச் சாமான்களும் அங்கே வந்திருப்பதை நன்றியோடு ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் கட்டடத்தை விட முக்கியமானவள் அதனுள் இருப்பவள். அவளுக்குப் பாடசாலை ஆசிரியைக்குரிய சம்பளமும் ஓய்வூதியமும் அந்தஸ்தும் கொடுத்தால்தான், ஒரே முகம் பல வருஷங்களுக்கு அப்பிள்ளைகளுக்கு முன்னே நிலைத்திருக்கும். அவள் பொறுப்பில் விடப்படும் பிள்ளைகளின் தொகைக்கும் ஒரு வரையறை வேண்டும். பாடசாலை விட்டு வரும் பிள்ளை, தாய் மலையிறங்கும் வரை பசியோடு தெருவில் நிற்காமல், அதே நிலையத்தில் ஓர் உணவும் ஒரு துணையும் பெற வேண்டும். கலஹா, தெல்தோட்டைப் பிரதேசங்களின் ஒவ்வொரு பெரிய பாடசாலையிலும், பாட அட்டவணையை நிரப்பும் சுமை இன்றிப் பிள்ளைகளின் மனக்குறையைத் தமிழில் கேட்பதற்கென்றே ஓர் ஆலோசனை ஆசிரியர் இருக்க வேண்டும். பேராதனையில் மனோதத்துவம் கற்கும் மாணவர்கள், தங்கள் கலாசாலைக்கு நடுவே செல்லும் வீதியின் மறுகோடி வரை வந்து பயிற்சி பெறுவதை அவர்களின் கல்வியில் ஓர் அங்கமாக்கலாம். புதிய வீடு கட்டப்படும்போது, பிள்ளைக்கென்று கதவுள்ள ஓர் அறை வரைபடத்தில் இருந்தாக வேண்டும்.

பெரியவர்களாகிய நமக்கும் கடமை உண்டு. பக்கத்து வீட்டில் பிள்ளை ஒன்று வதைபடுவதை அறிந்தால் 1929 என்ற இலக்கத்தில் தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபைக்கு அறிவிப்பது கோள்சொல்வதாகாது. தம் பால்யத்தின் பாரத்தை இன்னும் சுமந்து உறக்கமின்றித் தவிப்பவர் 1926 என்ற தேசிய மனநல இலக்கத்தை அழைப்பதும், வைத்தியசாலைக்குப் போவதும் வெட்கத்துக்குரிய செயலல்ல. சர்க்கரை நோய்க்கு மருந்து வாங்க வெட்கப்படுபவர் உண்டா?

இடர்ப்பட்ட ஒரு பிள்ளை நிமிர, நிலையான ஒரு பெரியவர் கிடைத்தாலே பெரும் பலம் என்று கவாய்த் தீவு கற்பித்திருக்கிறது. அந்த ஒருவர் கிடைப்பதும் கிடைக்காததும் வெறும் அதிர்ஷ்டமாக இருக்கும்வரை, மலையக வாலிபனின் குடியைப் பற்றியும் கோபத்தைப் பற்றியும் உபதேசம் செய்ய இத்தேசத்துக்கு அருகதை இல்லை. அடுத்த தேர்தலில் வாக்குக் கேட்டுக் கலஹாவுக்கு வருகிறவரிடம், தேயிலையின் விலையையும் கூலியின் தொகையையும் கேட்பதோடு, எங்கள் பிள்ளை மடுவத்துக்கு வரவுசெலவுத் திட்டத்தில் எவ்வளவு ஒதுக்குவீர்கள் என்றும் கேளுங்கள்.